வாசகர் கேள்வி: குத்தகையை எழுதிக் கொடுத்தால் நிலம் போய்விடுமா?

கேள்வி: திருத்துறைப்பூண்டி பக்கம் எங்களுக்கு இரண்டரை ஏக்கர் நஞ்சை இருக்கிறது. அப்பா காலத்திலிருந்தே ஊர்க்காரர் ஒருவர் குத்தகைக்குப் பார்க்கிறார், அவரை நாங்கள் அண்ணன் என்றுதான் கூப்பிடுவோம். எழுத்தில் எதுவும் கிடையாது, ஏக்கருக்கு 10 மூட்டை என்று வாய்ப்பேச்சு. சம்பா ஒரு போகம்தான். நல்ல வருடம் என்றால் ஏக்கருக்கு 28 மூட்டை காணும். இந்தத் தையில் அறுப்பு நேரத்தில் மழை பிடித்துக்கொண்டு பயிர் சாய்ந்துவிட்டது, ஏக்கருக்கு 15 மூட்டைதான் கண்டது என்று சொல்லி, 25 மூட்டைக்குப் பதிலாக 10 மூட்டைக்கான பணத்தைக் கொடுத்தார். 'ஆளை மாற்று' என்கிறான் தம்பி. சரி, இனிமேலாவது எழுதி வைத்துக்கொள்வோம் என்றால், எழுதினால் நிலமே அவருக்குப் போய்விடும் என்று சொந்தக்காரர்கள் பயமுறுத்துகிறார்கள். என்ன செய்ய? (பெயர் வேண்டாம், செங்கல்பட்டு)

பதில்: முதலில் அந்தப் பயத்தை எடுத்துக்கொள்வோம். டெல்டாவில் நிறையக் குத்தகை வாய்வார்த்தையாகவே கிடப்பதற்கு அதுதான் காரணம். எழுதினாலும் எழுதாவிட்டாலும் பட்டா உங்கள் பெயரில்தான் இருக்கும், கிரயம் ஆகாமல் அது எங்கும் போகாது. உங்கள் சொந்தக்காரர்கள் மனதில் வைத்திருப்பது 1955-ஆம் ஆண்டின் சாகுபடி குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டத்தை. தன் உடலுழைப்பையோ தன் குடும்பத்தாரின் உழைப்பையோ போட்டு அடுத்தவர் நிலத்தைக் குத்தகைக்குச் சாகுபடி செய்கிறவரை நினைத்த நேரத்தில் இறக்கிவிட முடியாது என்பது அந்தச் சட்டம். அவருக்குப் பிறகு அவர் பிள்ளையும் அதே மாதிரி உழைத்துச் சாகுபடி செய்தால் அவருக்கும் அது பொருந்தும். ஆனால் ஒன்றைக் கவனியுங்கள், அந்தப் பாதுகாப்புக்குப் பத்திரம் தேவையே இல்லை. வாய்மொழிக் குத்தகைக்கும் உண்டு. அதாவது உங்கள் அண்ணனுக்கு அது ஏற்கெனவே இருக்கிறது. எழுதாமல் விட்டதால் நீங்கள் எதையும் காப்பாற்றிவிடவில்லை. உங்கள் பக்கத்துக்கு இருக்க வேண்டிய ஆதாரத்தைத்தான் இத்தனை வருடம் இழந்திருக்கிறீர்கள். நிலம் யாருடையது, குத்தகை எவ்வளவு, எந்தத் தேதியில் கொடுக்க வேண்டும் என்று அவரே கையெழுத்துப் போட்ட காகிதம் இருந்தால் அது உங்களுக்கும்தானே பலம்.

'ஆளை மாற்று' என்கிற பேச்சை இதோடு விட்டுவிடச் சொல்லுங்கள் தம்பியை. குத்தகை பாக்கி வைத்தார், நிலத்தைப் பாழாக்கினார், விவசாயம் அல்லாத வேறு வேலைக்குத் திருப்பினார், நிலம் உங்களுடையதே இல்லை என்று வேண்டுமென்றே மறுத்தார், இப்படிச் சட்டம் சொல்லும் காரணம் இருந்தால் மட்டுமே வெளியேற்றலாம், அதுவும் வருவாய்க் கோட்டாட்சியரிடமோ வருவாய் நீதிமன்றத்திலோ மனுப்போட்டு உத்தரவு வாங்கித்தான். தஞ்சாவூர், மன்னார்குடியில் இதற்கென்றே வருவாய் நீதிமன்றங்கள் நடக்கின்றன. ஆளை வைத்து வரப்பை மறிப்பது, டிராக்டரை விட்டு நடவை உழுதுவிடுவது எல்லாம் உங்களைத்தான் சிக்கலில் மாட்டிவிடும்.

அப்புறம், பாக்கி என்று நீங்கள் நினைக்கிற அந்த 15 மூட்டை. இரண்டரை ஏக்கரில் ஏக்கருக்கு 15 என்றால் மொத்தம் 37 மூட்டை சொச்சம். அதில் நாலில் ஒரு பங்கு 9 மூட்டையும் கொஞ்சமும். அவர் கொடுத்தது 10. நியாயக் குத்தகை பற்றி 1956-இல் வந்த தனிச் சட்டம் ஒன்று இருக்கிறது. பிறகு திருத்தப்பட்டு இன்று அதன்படி நில உடைமையாளருக்குச் சேர வேண்டியது சாதாரண விளைச்சலில் 25 சதவீதம், மீதி 75 சாகுபடி செய்கிறவருக்கு. உங்கள் நிலத்தின் சாதாரண விளைச்சல் 28 மூட்டை என்றால் ஏக்கருக்கு 7 மூட்டைதான் நியாயக் குத்தகை. நீங்கள் வாங்கிக்கொண்டிருப்பது 10. கேட்கக் கஷ்டமாக இருக்கும், ஆனால் சொல்லாமல் விட முடியாது: நல்ல வருடங்களில் எல்லாம் நீங்கள் கூடுதலாக வாங்கியிருக்கிறீர்கள், கெட்ட வருடத்தில் அவர் கண்டதில் கால் பங்குக்குச் சற்று மேலேயே கொடுத்திருக்கிறார். விதை, உரம், நடவுக் கூலி எல்லாம் அவர் கையிலிருந்து போனது. சாய்ந்த பயிரில் மெஷின் மெதுவாகத்தான் ஓடும், அதனால் அறுப்பு வாடகையும் வழக்கத்தைவிடக் கூடியிருக்கும். எனவே அந்தப் பாக்கியை விட்டுவிடுங்கள். விட்டதை அவரிடம் வாய்விட்டுச் சொல்லுங்கள், மனதில் வைத்துக்கொண்டு புதுப் பேச்சு ஆரம்பிக்காதீர்கள்.

இனி எழுதப்போகிற ஒப்பந்தம். குத்தகைக் காலத்தை மூன்று வருடம், முடிந்தால் ஐந்து வருடம் என்று போடுங்கள். வருடா வருடம் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டால் எந்த மனிதர் அந்த மண்ணில் காசு போடுவார்? அறுப்பு முடிந்ததும் எருவுக்காக ராத்திரியில் ஆட்டு மந்தையை வயலில் அடைப்பதை, அதாவது ஆட்டுக்கிடை கட்டுவதை நினைத்துப் பாருங்கள். மந்தைக்காரரான கீதாரிக்கு ராத்திரிக்கு இவ்வளவு என்று பணம் கொடுத்துக் கட்ட வேண்டும், அதன் சத்து ஒரு போகத்தோடு தீராது, அடுத்த சம்பாவிலும் தெரியும். அடுத்த சம்பா தனக்கு உண்டா என்றே தெரியாதவர் கிடை கட்ட மாட்டார், கோடை உழவு ஓட்ட மாட்டார், வரப்பை வெட்டிக் கட்ட மாட்டார், யூரியாவைத் தூவி இந்த வருடத்தை ஒப்பேற்றுவார். மெலிவது உங்கள் நிலம்தான். ஒரு வருடத்துக்கு மேற்பட்ட குத்தகையைப் பதிவு செய்வதுதான் முறை, சார்பதிவாளர் அலுவலகத்தில் செய்துவிடுங்கள். சட்டப்படி குத்தகைப் பத்திரம் மூன்று பிரதி: உங்களுக்கு ஒன்று, அவருக்கு ஒன்று, தாலுகா ஆபீசுக்கு ஒன்று. 11 மாத ஒப்பந்தம், வெற்றுப் பத்திரத்தில் கையெழுத்து மாதிரி யோசனைகளோடு யாராவது வருவார்கள். அந்தப் பக்கமே போகாதீர்கள், அது நியாயமும் இல்லை, வழக்கு என்று வந்தால் நிற்கவும் நிற்காது.

குத்தகை அளவை எழுதும்போது மூட்டை என்று மட்டும் எழுதினால் போதாது. வீட்டுக் கணக்கில் மூட்டை 60 கிலோவாக இருக்கலாம், கொள்முதல் நிலையத்துச் சிப்பம் 40 கிலோ. 7 மூட்டை என்றால் 420 கிலோவா 280 கிலோவா என்ற சண்டை வருடா வருடம் வரும். கிலோவில் எழுதுங்கள். நெல்லாகவா பணமாகவா, பணம் என்றால் கொள்முதல் நிலைய விலையா வியாபாரி கொடுத்த விலையா, எந்த மாதத்துக்குள் என்பதும் வேண்டும்.

கெட்ட வருடத்துக்கு என்ன என்பதை நல்ல வருடத்திலேயே எழுதிவிட வேண்டும், உங்கள் சண்டையே அதிலிருந்துதான் வந்தது. விளைச்சல் சாதாரண அளவில் முக்கால்வாசிக்குக் கீழே போனால் அந்த வருடம் கண்ட நெல்லில் கால் பங்கு மட்டும், பயிர் முழுசாகப் போனால் குத்தகையே இல்லை என்பது என் யோசனை. கண்டது எவ்வளவு என்பதில் சந்தேகம் வராமல் இருக்க, அறுப்புத் தேதியை அவர் முன்கூட்டிச் சொல்ல வேண்டும், நீங்களோ நீங்கள் சொல்லும் ஆளோ களத்துக்கு வரலாம், வர முடியாவிட்டால் கொள்முதல் ரசீதைக் காட்டினால் போதும் என்று சேர்த்துக்கொள்ளுங்கள்.

இன்னொன்று, பல வீடுகளில் மனஸ்தாபமே இங்கேதான் வெடிக்கிறது: பயிர்க் காப்பீடும் வெள்ள நிவாரணமும். நில உரிமையைக் காட்டும் சிட்டா உங்கள் பெயரில் இருக்கிறது என்பதற்காக இழப்பீட்டுப் பணம் உங்கள் கணக்கில் வந்து விழுந்தால், பயிரைப் பறிகொடுத்தவர் வெறும் கையோடு நிற்பார். பிரதமர் பயிர்க் காப்பீட்டில் குத்தகை விவசாயியும் சேரலாம். அவர் பெயரிலேயே சேரட்டும், பிரீமியம் அவருடையது, இழப்பீடும் அவருடையது. அதற்கும், கொள்முதல் நிலையத்தில் நெல் போடுவதற்கும், கூட்டுறவுச் சங்கத்தில் பயிர்க்கடன் கேட்பதற்கும் எந்த நிலத்தில் யார் என்ன பயிர் செய்கிறார் என்று வி.ஏ.ஓ. எழுதித் தரும் அடங்கலில் சாகுபடி செய்கிறவர் என்று அவர் பெயர் இருக்க வேண்டும். அதற்கு நான் தடை சொல்ல மாட்டேன் என்று நீங்கள் எழுதிக் கொடுப்பதுதான் இந்த ஒப்பந்தத்திலேயே அவருக்குப் பெரிய உதவி. பயிருக்கு என்று வரும் நிவாரணம் தவறி உங்களுக்கு வந்தால் இத்தனை நாளில் மாற்றிக் கொடுக்கிறேன் என்றும் ஒரு வரி.

மீதியெல்லாம் சின்ன விஷயம்தான், ஆனால் எழுதுங்கள். மோட்டார் எரிந்தால் கம்பிச் சுருள் கட்டும் செலவு யாருக்கு, வரப்புத் தென்னையில் காய் யாருக்கு, வைக்கோல் யாருக்கு, வாய்க்கால் தூர் எடுக்கும் செலவில் உங்கள் பங்கு என்ன, நிலத் தீர்வை யார் கட்டுவது. பெரிய ரிப்பேர் நீங்கள், ஓட்டத்தில் வரும் சின்னச் செலவு அவர் என்றால் சரியாக இருக்கும்.

பத்திரத்தை நீங்கள் மட்டும் எழுதிக்கொண்டு போய்க் கையெழுத்துக் கேட்காதீர்கள். ஒரு நாள் ஊருக்குப் போய், அண்ணனையும் அண்ணியையும் அவர்கள் பிள்ளையையும் உட்கார வைத்து, ஒவ்வொன்றாகப் பேசி, அவர்கள் சொல்வதையும் குறித்துக்கொள்ளுங்கள். எழுதியதை வாசித்துக் காட்டி, பிரதியை அவர்கள் கையில் கொடுத்து, வெளியில் யாரிடமாவது காட்டிக் கேட்க ஒரு வாரம் விடுங்கள். வருவாய்த் துறையின் பசலி ஆண்டு ஜூலை 1-இல் தொடங்குகிறது, உங்கள் பக்கம் சம்பாவுக்கு நேரடி விதைப்பு ஆவணியில் ஆரம்பித்துவிடும். ஆனி முடிவதற்குள் கையெழுத்து ஆகிவிட்டால் இந்தச் சம்பாவுக்கே அவர் தன் பெயரில் அடங்கல் வாங்கிக் காப்பீடும் செய்துவிடலாம். முதல் குத்தகை வாங்கும்போது மறக்காமல் ரசீது எழுதிக் கொடுங்கள்.