சமூக நீதியைக் கதை சொல்லிப் பிள்ளைகளுக்குப் புரியவைக்க முடியுமா?

முடியும். ஆனால் நீதிக்கதை சொல்லி முடியாது.

ஆறாம் வகுப்பு படிக்கும் தன் மகள், பாடப்புத்தகத்தின் முன்பக்கத்தில் இருக்கும் "தீண்டாமை ஒரு பாவச்செயல், தீண்டாமை ஒரு பெருங்குற்றம், தீண்டாமை மனிதத்தன்மையற்ற செயல்" என்ற மூன்று வரியையும் மூச்சுவிடாமல் ஒப்பிக்கிறாள், அப்படியென்றால் என்ன என்று கேட்டால் விழிக்கிறாள் என்று கேள்வி கேட்டவர் எழுதியிருந்தார். எங்கள் பள்ளியிலும் இதே நிலைதான். காரைக்குடிக்கும் தேவகோட்டைக்கும் நடுவே ஒரு கிராமத்து நடுநிலைப் பள்ளியில் தமிழ் எடுக்கிறேன். அந்த மூன்று வரி தெரியாத பிள்ளை கிடையாது. ஆனால் மதியச் சாப்பாட்டுக்கு யார் பக்கத்தில் யார் உட்காருகிறார்கள் என்று பார்த்தால், தெருவாரியாகப் பிரிந்து உட்கார்ந்திருக்கும்.

'எல்லாரும் சமம்' என்று முடிகிற கதையைச் சொன்னாலும் இதுதான் நடக்கும். கடைசி வரி என்னவென்று பிள்ளைகளுக்கு முன்கூட்டியே தெரியும். கேட்டால் அதைச் சொல்லி மார்க் வாங்கிக்கொள்வார்கள். அதனால் நான் புதுக் கதை எதுவும் கொண்டுபோவதில்லை. பிள்ளைகள் ஏற்கெனவே பெருமையாகச் சொல்லும் கதையை எடுத்துக்கொண்டு, அதில் பேச்சே இல்லாமல் நிற்கும் ஆள் யார் என்று தேடச் சொல்வேன். என் வேலை அவ்வளவுதான்.

எங்கள் செட்டிநாட்டுப் பக்கம் பெருமைக்குக் குறைவே இல்லை. எல்லாம் பர்மா போன்ற ஊர்களில் வட்டிக்கடை வைத்துச் சம்பாதித்த செட்டியார்கள் கட்டிய பெரிய வீடுகள். பர்மா தேக்கு, இத்தாலிச் சலவைக்கல், முட்டை வெள்ளைக் கருவும் கடுக்காயும் சேர்த்து இழைத்த சுண்ணாம்புச் சுவர். கானாடுகாத்தானில் சுற்றுலா வருகிறவர்களுக்குச் சொல்லும் கதையை எங்கள் பிள்ளைகள் தூக்கத்திலும் சொல்வார்கள். ஒருநாள் வகுப்புத் தரையிலேயே சாக்பீஸால் ஒரு பெரிய வீட்டை வரையச் சொன்னேன். முகப்பு, வளவு என்கிற உள்முற்றம், இரண்டாங்கட்டு, அடுப்படி, பின்வாசல். முன்வாசல் ஒரு தெருவில் என்றால் பின்வாசல் அடுத்த தெருவில் போய்த் திறக்கும், அத்தனை நீளம். வரைந்து முடித்ததும் ஒரே ஒரு கேள்வி: "யார் யார் எந்த வாசல் வழியா வந்திருப்பாங்க? எதுவரைக்கும் வந்திருப்பாங்க?"

முதலில் எல்லாரும் முகப்பிலேயே கூட்டமாக நின்றார்கள். அப்புறம் ஒரு பையன், "எங்க அய்யா இங்க விறகு போட்டாரு" என்று பின்வாசலில் போய் நின்றான். அதன்பின் அந்தப் பக்கம் ஆள் சேர்ந்துகொண்டே போனது. தண்ணீர் சுமந்தவர், நெல் குத்தியவர், துணி வெளுத்தவர், சித்தாள். என் அப்பத்தாவும் ஒரு பெரிய வீட்டில் பாத்திரம் துலக்கியவர்தான். "ஆச்சி நல்லவுக, பலகாரமெல்லாம் குடுத்து விடுவாக" என்று அந்த வீட்டு அம்மாவைப் பற்றிக் கடைசி வரை சொல்லிக்கொண்டிருந்தார். அந்த வீட்டு வளவை அவர் நேரில் பார்த்ததே இல்லை. இரண்டையும் பிள்ளைகளிடம் சொன்னேன். ஆச்சி நல்லவர் என்பதும் உண்மை, வளவு வரை விடவில்லை என்பதும் உண்மை. ஒன்றைச் சொல்லி மற்றதை மறைத்தால் பிள்ளைகள் கண்டுபிடித்துவிடுவார்கள்.

தரை விஷயத்துக்கு வந்தபோது வகுப்பு என் கையைவிட்டே போய்விட்டது. ஆத்தங்குடித் தரைக்கல் செய்யும் வீட்டுப் பெண் ஒருத்தி, கல் எப்படிச் செய்கிறார்கள் என்று தானாகவே எழுந்து சொன்னாள். கண்ணாடித் தகட்டின் மேல் அச்சை வைத்து, கலர் கலந்த சிமெண்டைக் கரண்டியால் ஊற்றி, அதன்மேல் உலர்ந்த மணலும் சிமெண்டும் தூவி, பிறகு கலவை போட்டு அழுத்தி, காயவைத்து, தொட்டித் தண்ணீரில் ஊறப்போட வேண்டும். பளபளப்பு கண்ணாடியில் இருந்து வருகிறது, பாலிஷ் எதுவும் கிடையாது. "ஊறி எடுத்தா கண்ணாடி தானா கழண்டுக்கும் டீச்சர். எங்கம்மா விரல்தான் தோலு தோலா உரியும்" என்றாள். 'அரண்மனை மாதிரி வீடு' என்ற கதையில் அதுவரை விரல் வந்ததே இல்லை.

அதே வீட்டின் கதையைக் கடல் தாண்டியும் கொண்டுபோகலாம். 1942ல் பர்மாவில் ஜப்பான்காரன் குண்டுபோட, எல்லாவற்றையும் விட்டுவிட்டு நடந்தே வந்தோம் என்று சொல்லும் குடும்பங்கள் இங்கே நிறைய. அது பெருந்துயரம், சந்தேகமே இல்லை. ஆனால் விட்டுவிட்டு வந்தது யாருடைய நிலம்? 1930ல் உலகமெங்கும் விலை சரிந்தபோது நெல் விலையும் விழுந்தது, பர்மிய விவசாயிகளால் கடனைக் கட்ட முடியவில்லை, அடமானம் வைத்த நிலம் வட்டிக்கடை வசம் வந்தது. கீழ்ப் பர்மாவின் முக்கியமான நெல் மாவட்டங்களில் 1930ல் 6 சதவீதமாக இருந்த செட்டியார் நிலம், 1930களின் கடைசியில் நான்கில் ஒரு பங்காகிவிட்டது. நிலம் அவர்கள் ஆசைப்பட்டுக் கேட்டதும் அல்ல, பணமாகத் திரும்பி வந்தால் போதும் என்றுதான் இருந்தார்கள். எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு இது புரிகிறது. பெரியவர்களுக்குத்தான் கஷ்டம்.

அடுத்தது சாமி கதைகள். நந்தனார் கதை எல்லாருக்கும் தெரியும். திருப்புன்கூரில் அவர் வெளியே நின்று கும்பிட, மறைத்துக்கொண்டிருந்த நந்தி விலகியது. நான் கேட்டது: "நந்தி விலகுச்சு. வாசல்ல நின்னவுக ஏன் விலகல?" இந்த ஒரு கேள்விக்கே ஒரு பீரியட் போய்விடும். தில்லையில் நெருப்பில் இறங்கி, பூணூலோடு முனிவராக எழுந்த பிறகுதான் உள்ளே போகிறார் என்று சேக்கிழார் பாடியிருப்பதையும் சொல்வேன். "அப்ப நந்தனாரா உள்ள போகவே இல்லையா?" என்று கேட்ட பிள்ளைக்கு நான் பதில் சொல்லவில்லை. சொல்லியிருக்கவும் கூடாது என்பது என் எண்ணம்.

பிற்பாடு சேர்ப்பது ஒரு கதையை எந்தப் பக்கம் இழுக்கிறது என்று பார்க்கவும் நந்தனார் நல்ல இடம். சிதம்பரம் போக விடாமல் வயல் வேலையைக் காட்டி மறிக்கும் பண்ணைக்காரர் பெரியபுராணத்தில் இல்லை. 19ஆம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதி தன் கீர்த்தனைகளில் சேர்த்தவர் அவர். அந்த ஒரு ஆள் வந்ததும் பக்திக் கதைக்குள் கூலி வேலை வந்துவிட்டது. மதுரை வீரன் கதையில் நேர்மாறு. சக்கிலியர் வீட்டில் வளர்ந்த வீரன், பிறப்பால் காசி ராஜா மகன் என்று சொல்கிறார்கள். பிராமணரான முத்துப்பட்டன் கட்டிக்கொண்ட சக்கிலியர் வீட்டுப் பெண்கள் பொம்மக்காவும் திம்மக்காவும் நிஜத்தில் பிராமணப் பிள்ளைகள், கண்டெடுத்து வளர்க்கப்பட்டவர்கள் என்று அந்தக் கதைக்கும் ஒரு வடிவம் உண்டு. எதற்காக இப்படி ஒரு பிறப்புக் கதையைச் சொருகியிருப்பார்கள் என்று கேட்டதற்கு ஏழாம் வகுப்புப் பையன் ஒருவன், "இல்லாட்டி மத்தவுக கும்பிட மாட்டாகள்ல" என்றான். ஆய்வுக் கட்டுரை எழுத வேண்டிய விஷயத்தை ஒரு வரியில் முடித்துவிட்டான்.

வரலாற்றுக்கு நான் எடுத்துக்கொள்வது எங்கள் மண்ணிலேயே நடந்த ஒன்று. 1930 டிசம்பரில், அன்றைய இராமநாதபுரம் மாவட்டத்தில், ஆதிக்கத்தில் இருந்த நாட்டார்கள் (பல ஊர் சேர்ந்த 'நாடு' என்ற அமைப்பைச் சேர்ந்த கள்ளர்கள்) ஆதிதிராவிடர்களுக்கு எட்டுத் தடைகள் போட்டார்கள். தங்கம் வெள்ளி நகை கூடாது, முழங்காலுக்குக் கீழே வேட்டி இறங்கக் கூடாது, சட்டை பனியன் கூடாது, முடி வெட்டிக்கொள்ளக் கூடாது, வீட்டில் மண்பாண்டம் தவிர வேறு பாத்திரம் கூடாது, பெண்கள் மேலாடை போடக் கூடாது, பூவும் மஞ்சளும் கூடாது, குடையும் செருப்பும் கூடாது. மீறியவர்களின் குடிசைகள் எரிந்தன. 1931 ஜூனில் எட்டு பதினொன்றானது. பிள்ளைகள் எழுதப் படிக்கக் கூடாது, மாடு மேய்க்க வேண்டும் என்பதும் அதில் ஒன்று. 1931 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் ஆணையராக இருந்த ஹட்டன் இதைப் பதிவு செய்து வைத்திருக்கிறார்.

இதைப் படித்துக் காட்டிவிட்டு, "இதுல ஒரு பொருளை எடுத்துக்க. அந்தப் பொருளோட கதையை எழுது" என்பேன். ஆட்களைப் பற்றி எழுதச் சொல்வதில்லை. ஒரே பெஞ்சில் இரண்டு பக்கத்துப் பேரப்பிள்ளைகளும் உட்கார்ந்திருக்கிறார்கள். பொருளைப் பற்றி என்றால் எல்லாரும் எழுதுகிறார்கள். குடையைப் பற்றி எழுதினார்கள், கொலுசைப் பற்றி எழுதினார்கள். ஒரு பையன் எழுதிய செம்பு எனக்கு மறக்காது: வைக்கோல் போருக்குள் ஒளித்து வைத்த பித்தளைச் செம்பு, ராத்திரி மட்டும் எடுத்துத் தண்ணீர் குடிப்பார்கள், விடியுமுன் திரும்ப உள்ளே. "அந்தச் செம்புக்கு வெயில்னா என்னன்னே தெரியாது" என்று முடித்திருந்தான். அவன் எந்தத் தெரு என்று இங்கே சொல்ல மாட்டேன்.

செய்யக் கூடாதவை சில. 'நீ மேல்சாதி, நீ கீழ்சாதி' என்று பிரித்து நடிக்கவைப்பது வேண்டவே வேண்டாம். சில பயிற்சி வகுப்புகளில் இதை ஆகா ஓகோ என்கிறார்கள். ஒரு பிள்ளைக்கு அது நடிப்பு, இன்னொரு பிள்ளைக்கு அது நேற்று சாயங்காலம் டீக்கடையில் நடந்தது. அதேபோல, "உங்க வீட்டுல நடந்ததைச் சொல்லும்மா" என்று ஒரு பிள்ளையை எழுப்பி நிறுத்தாதீர்கள், தானாகச் சொன்னால் கேட்டுக்கொள்ளுங்கள். நல்ல மனசுக்காரர் ஒருவர் வந்து எல்லாரையும் கைதூக்கிவிட்ட கதைகளிலும் கொஞ்சம் கவனம் தேவை. அவற்றில் தூக்கிவிடப்பட்டவருக்குப் பெரும்பாலும் வசனமே இருக்காது.

எங்கள் மாவட்டத்தில் குயிலி கதை எல்லாரும் ஆசையாகச் சொல்வது. வேலு நாச்சியாரின் படையில் இருந்து, உடலில் நெய்யூற்றித் தீவைத்துக்கொண்டு வெள்ளையரின் ஆயுதக் கிடங்கில் குதித்தவர். அதை மக்கள் வழிவழியாகச் சொல்லும் கதை என்றே சொல்லுங்கள். வேலு நாச்சியார் 1780ல் சிவகங்கையை மீட்டதை வரலாறு என்று சொல்லுங்கள். இரண்டையும் குழப்பினால், பிறகு யாராவது "ஆதாரம் எங்கே?" என்று கேட்கும்போது பிள்ளைக்கு எல்லாமே பொய்யாகத் தெரியும்.

சரி, கதை கேட்டு என்ன மாறியது என்று கேட்பீர்கள். கதை மட்டும் எதையும் மாற்றாது. பக்கத்துப் புதுக்கோட்டையில் 1990களின் தொடக்கத்தில் அறிவொளி என்ற எழுத்தறிவு இயக்கம் நடந்தபோது, ஷீலா ராணி சுங்கத் ஆட்சியராக இருந்த காலம், பாட்டும் வீதி நாடகமும் ஊர் ஊராகப் போயின. பெண்கள் சைக்கிள் ஓட்டினால் என்னவாகும் என்று பாடியதோடு நிற்கவில்லை, ஓட்டக் கற்றுக்கொடுக்கும் முகாமும் கூடவே நடந்தது. பாட்டைக் கேட்ட பெண் மறுநாள் ஹேண்டில்பாரைப் பிடிக்க முடிந்தது. பல்லாயிரம் பெண்கள் பிடித்தார்கள். ஆக, கதை முடிந்த மறுநாள் செய்ய ஏதாவது ஒரு காரியம் கையில் இருக்க வேண்டும்.

எங்கள் வகுப்பில் அது விளக்குமாறில் தொடங்கியது. தரையில் வீடு வரைந்த மறுவாரமே ஒரு பெண், "நம்ம வகுப்புல பின்வாசல் யாரு டீச்சர்? கூட்டுறது எப்பவும் நாங்கதான்" என்றாள். அன்றே முறை போட்டு எழுதி ஒட்டினோம், பையன்கள் பெயரும் சேர்த்து. முணுமுணுப்பு வந்தது, ஒரு அம்மா வந்து சண்டையும் போட்டார். அட்டவணை இன்னும் சுவரில் இருக்கிறது. சாப்பாட்டு வரிசை அத்தனை சுலபமாக உடையவில்லை, பாதிதான் உடைந்திருக்கிறது. எந்தச் சாதி என்று காட்டக் கையில் கட்டும் கலர் கயிறு இன்னும் போகவில்லை. பள்ளிகளில் அதெல்லாம் கூடாது என்று நீதிபதி சந்துரு குழு 2024லேயே அரசுக்குப் பரிந்துரைத்துவிட்டது. பரிந்துரையைப் படித்துக் காட்டினால் கயிறு சட்டைக் கைக்குள் போகும், அவ்வளவே.

பெற்றோர் எதிர்ப்பு வருமா என்றும் கேட்டிருந்தீர்கள். வரும். "பழசையெல்லாம் எதுக்குக் கிளர்றீங்க, பிள்ளைகளுக்கு இதெல்லாம் தெரியவே தெரியாது" என்று ஒரு அப்பா வந்தார். தேவகோட்டை பக்கத்துக் கண்டதேவிக் கோயில் தேர் பற்றி வீட்டில் பேசுவீர்களா என்று கேட்டேன். வடம் பிடிக்க யாருக்கு உரிமை என்ற தகராறு 1998ல் கோர்ட்டுக்குப் போய், இடையில் பல வருஷம் தேர் ஓடாமலே கிடந்து, 2024 ஜூனில் போலீஸ் காவலோடு மறுபடி ஓடிய தேர் அது. "பேசாம? எங்க நாட்டுக்குத்தான் ஒரு வடம்னு எங்கப்பா காலத்துல இருந்து சொல்லுவாக" என்றார். அதே வகுப்பில், "எங்களை வடத்தைத் தொட விடல" என்று தொடங்கும் கதையை வீட்டில் கேட்டு வளர்ந்த பிள்ளைகளும் இருக்கிறார்கள். இரண்டு கதையும் தினமும் பள்ளிக்கு வந்துகொண்டுதான் இருக்கின்றன, ஒன்றை ஒன்று கேட்டதில்லை என்று சொன்னேன். அவர் சமாதானமாகவில்லை. பையனை வேறு பள்ளிக்கும் மாற்றவில்லை. உங்கள் மகளிடம் இதைத் தொடங்க வேண்டுமானால், பாடப்புத்தகத்தை மூடிவைத்துவிட்டு, உங்கள் வீட்டில் பெரியவர்கள் அடிக்கடி சொல்லும் ஏதாவது ஒரு பெருமைக் கதையை அவளையே சொல்லச் சொல்லுங்கள். அதில் வேலை செய்தவர் பெயர் தெரியுமா என்று மட்டும் கேளுங்கள். தெரியாது என்றால், தாத்தா பாட்டியிடம் போய்க் கேட்டு வரச் சொல்லுங்கள்.