ஒளியை நிறம் நிறமாகப் பிரித்தால் தெரிவதை நிறமாலைக் "கோடு" என்கிறோம், அதற்கு ஏன் அகலம்? வாயுவில் நடக்கும் மோதல்களுக்கும் அதற்கும் என்ன தொடர்பு?

எம்.எஸ்சி. வாய்மொழித் தேர்வுக்குத் தயாராகிறீர்கள் என்று நினைக்கிறேன். இதே கேள்வியில் அவமானப்பட்டவன் நான்.

ஓர் அணுவோ மூலக்கூறோ ஒளியை வெளிவிடும் நேரத்தில் இன்னொன்று வந்து இடித்தால் அலை பாதியில் அறுந்துவிடும். காலை எட்டரை மணிக் கும்மிடிப்பூண்டி மின்சார ரயிலில் நின்றபடி ஒரே சுருதியில் முனகிப் பாருங்கள், புரியும். துண்டு துண்டான அலைக்கு ஒற்றை அதிர்வெண் கிடையாது, பல கலந்திருக்கும்; அதுதான் கோட்டின் அகலம். அழுத்தம் கூடக் கூட மோதலும் கூடும், கோடும் அகலும். இப்படி அகன்ற கோட்டுக்கு டச்சு இயற்பியலாளர் லோரன்ஸ் 1906இல் தந்த வடிவத்தின் ஓரங்கள் வெகுதூரம் இழுத்துக்கொண்டு போகும். அணுக்கள் ஓடுவதால் அதிர்வெண் மாறித் தெரியும் டாப்ளர் விளைவும் கோட்டை அகலமாக்கும்; அதன் மணி வடிவமோ சட்டென்று அடங்கிவிடும்.

வடசென்னையின் வியாசர்பாடியில் எங்கள் தெருமுனையில் பொன்மஞ்சள் சோடியம் விளக்கு ஒன்று இருந்தது. கீறல் விழுந்த பழைய குறுந்தகட்டை அதன் கீழே சாய்த்துப் பிடித்தால், மஞ்சள் இருக்க வேண்டிய இடத்தில் கறுப்புப் பட்டை, ஒருபக்கம் பச்சை, மறுபக்கம் ஆரஞ்சு. தேர்வில் இதைச் சொன்னேன். வெளித்தேர்வாளர் சிரித்தார். "சோடியத்துக்கு 589.0, 589.6 நானோமீட்டரில் இரண்டு கோடுகள். கறுப்பு எங்கிருந்து வந்தது?"

ஆய்வகத்தின் குறையழுத்த விளக்குக்கு அவர் சொன்னது சரி. தெருவில் இருந்தது உயரழுத்த விளக்கு. உள்ளே மோதல்கள் இரு கோடுகளையும் அகலமாகப் பரப்பிவிடும், குழாயின் சுவரோரம் இருக்கும் சூடு குறைந்த சோடிய ஆவி நடுப்பகுதியை விழுங்கிவிடும். இதைச் சொல்ல வாயெடுப்பதற்குள் எந்த ஊர் என்று கேட்டார். சொன்னேன். "ஓ, அந்தப் பக்கமா" என்று அடுத்த மாணவரை அழைத்துவிட்டார். பிறகு ஒரு வங்கியில் கடன் கேட்டபோதும் அதே "ஓ"தான். எங்கள் பின்கோடு சென்னை 39 என்றால் மனிதர்களின் முகம் ஏன் மாறுகிறது என்று எந்த இயற்பியலும் எனக்கு விளக்கவில்லை.

சோடியம் அணுதானே, மூலக்கூறு இல்லையே என்று யாராவது வருவீர்கள். தெரியும் ஐயா, இடி இடிதான். மோதல்கள் சில நிலைமைகளில் டாப்ளர் அகலத்தைக் குறுக்கவும் செய்யும் என்று அமெரிக்க இயற்பியலாளர் ராபர்ட் டிக்கி 1953இல் காட்டியதும் தெரியும். தம்பி, அதை மட்டும் தேர்வாளரின் முகத்தைப் பார்த்துவிட்டுச் சொல்லுங்கள்.