பொலிஸ்காரர் மேல் வழக்குப் போட ஏலாதா?

தம்பி, பொலிஸ் சாவடியில் அண்ணாவை அடித்து 18 நாள் ஆகிறதென்றும், ‘அரச உத்தியோகத்தர் மேல் வழக்குப் போட ஏலாது’ என்று ஊரில் சொல்வதாக எழுதியிருந்தீர்கள். பிழையான கதை. இலங்கை அரசியலமைப்பின் 35ஆம் உறுப்புரை தரும் விலக்கு சனாதிபதிக்கு. பொலிஸ் சார்ஜனுக்கு இல்லை.

ஆனால் உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுப் போட ஒரு மாதம்தான் தவணை. கொழும்புக்கு ஓட வசதியில்லையா? சரி, அந்த மாதத்துக்குள் மட்டக்களப்பிலுள்ள மனித உரிமைகள் ஆணைக்குழு அலுவலகத்தில் முறைப்பாடு கொடுங்கள். 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டப்படி, அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் நாட்கள் அந்த ஒரு மாதக் கணக்கில் சேரா. முறைப்பாட்டு இலக்கத்தை வாங்காமல் வெளியே வராதீர்கள்.

அப்புறம் அந்த ஆஸ்பத்திரித் துண்டு. ‘விழுந்த காயம்’ என்று இருக்கிறதென்றீர்களே, அதுதான் எனக்குப் பயம். என் மச்சானும் பயத்தில் சைக்கிளால் விழுந்ததாகச் சொல்லி, பிறகு அந்த ஒரு வரியோடு பட்ட பாடு! சட்ட வைத்திய அதிகாரியிடம் (வழக்குக்காகக் காயங்களைச் சோதித்து அறிக்கை எழுதும் டொக்டர்) அண்ணா நடந்ததை நடந்தபடி சொல்லட்டும். முதுகுத் தழும்பை இன்றைக்கே படம் எடுத்து வையுங்கள்.