ஆஜராகாததால் அப்பீல் தள்ளுபடி: அடுத்து என்ன?

கேள்வி: வீட்டைக் காலி செய்து ஒப்படைக்கும்படி முன்சீப் கோர்ட்டில் எனக்கு எதிராகத் தீர்ப்பானது. சப் கோர்ட்டில் அப்பீல் போட்டு ஸ்டே வாங்கியிருந்தேன். வாய்தா அன்று இடுப்பு எலும்பு முறிந்து ஆஸ்பத்திரியில் கிடந்தேன். என் வக்கீலும் போகவில்லை. அப்பீல் தள்ளுபடியாகி 52 நாள் ஆகிறது. ஐகோர்ட்டுக்குப் போகலாமா?
– வாசகர், தென்காசி மாவட்டம்

பதில்: முதலில் தள்ளுபடி உத்தரவைப் பார்த்துவிடுங்கள் ஐயா. 'மேல்முறையீட்டாளர் அழைக்கப்பட்டார், ஆஜரில்லை, தள்ளுபடி' என்று இரண்டே வரி இருந்தால், அது சி.பி.சி. (உரிமையியல் நடைமுறைச் சட்டம்) கட்டளை 41, விதி 17-இன்படியான தள்ளுபடி. அது டிக்ரி (வழக்கின் உரிமைகளை முடிவு செய்யும் தீர்ப்பாணை) ஆகாது. எனவே ஐகோர்ட்டில் இரண்டாம் மேல்முறையீட்டுக்கு இடமில்லை. அதே சப் கோர்ட்டில், விதி 19-இன் கீழ், அப்பீலை மீண்டும் கோப்பில் எடுக்கச் சொல்லி மனு (மறுசேர்ப்பு மனு) போட வேண்டும்.

அதற்குக் கெடு, தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாள். உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்து அல்ல. நகலுக்குக் காத்திருந்த நாட்களை அப்பீலுக்குக் கழிப்பதுபோல இதற்குக் கழிக்க மாட்டார்கள். பலர் கோட்டை விடுவது இங்கேதான். இன்றைக்கு மனுப் போட்டாலும் உங்களுக்கு 22 நாள் தாமதம். அதனால் காலவரையறைச் சட்டம் பிரிவு 5-இன் கீழ், தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவையும் சேர்த்தே போடுங்கள்.

மனுவோடு தரும் அபிடவிட்டில் (சத்தியப் பிரமாண வாக்குமூலத்தில்) 'உடல்நிலை சரியில்லை' என்று மொட்டையாக எழுத விடாதீர்கள். எந்தத் தேதியில் அட்மிட் ஆனீர்கள், எந்தத் தேதியில் டிஸ்சார்ஜ், எத்தனை வாரம் படுக்கையில் இருக்கச் சொன்னார்கள் என்பதெல்லாம் டிஸ்சார்ஜ் சீட்டில் இருக்கும். அந்தத் தேதிகளும் அபிடவிட்டில் உள்ள தேதிகளும் ஒன்றோடொன்று பொருந்த வேண்டும். தான் ஏன் வரவில்லை என்று உங்கள் வக்கீலும் தனியாக ஒரு அபிடவிட் தந்தால் பலம். வக்கீல் வராத குற்றத்துக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக்கூடாது என்று ரபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் 1981-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் அதை மட்டும் நம்பி இருக்காதீர்கள். நீங்கள் வழக்கைக் கவனித்து வந்தீர்கள் என்பதும் தெரிய வேண்டும். செலவுத்தொகை கட்டச் சொன்னால் தயங்காமல் குறித்த நாளுக்குள் கட்டிவிடுங்கள். மறுசேர்ப்பு மனுவைத் தள்ளினால் கட்டளை 43-இன்படி அப்பீல் உண்டு.

உத்தரவு நீளமாக இருந்து, சாட்சியம், ஆவணம் எல்லாம் அலசி 'முகாந்திரமில்லை' என்று முடிந்திருந்தால் கதை வேறு. மேல்முறையீட்டாளர் இல்லாதபோது அப்பீலை அதன் தகுதியைப் பார்த்துத் தள்ள நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை என்று விதி 17-இன் விளக்கமே சொல்கிறது. அந்தத் தவறை முன்வைத்து, சப் கோர்ட் டிக்ரி தேதியிலிருந்து 90 நாளுக்குள் ஐகோர்ட் மதுரைக் கிளையில் இரண்டாம் மேல்முறையீடு செய்யலாம். நகல் பெற ஆன நாட்கள் இதில் கழியும்.

எனக்கு அதிகம் கவலை தருவது உங்கள் ஸ்டேதான். அப்பீலோடு அதுவும் போய்விட்டது. எதிர்த்தரப்பு இ.பி. (தீர்ப்பை நிறைவேற்றக் கோரும் மனு) போட்டிருக்கிறதா என்று முன்சீப் கோர்ட்டில் நாளைக்கே பார்க்கச் சொல்லுங்கள். போட்டிருந்தால், மறுசேர்ப்பு மனுவோடு சுவாதீனம் எடுப்பதை நிறுத்திவைக்கக் கோரும் மனுவும் அதே நாளில் போக வேண்டும். அமீனா (கோர்ட் ஊழியர்) வந்து வீட்டை எதிர்த்தரப்பிடம் ஒப்படைத்த பிறகு அதைத் திரும்ப வாங்குவது பல வருட வேலை.