அப்பாவின் பழைய சாதிச் சான்று மகளின் கல்லூரிச் சேர்க்கைக்குச் செல்லுமா?

கேள்வி: நாங்கள் ஏற்காடு பக்கத்து மலையாளி பழங்குடியினர். மகளுக்குப் பொறியியல் கலந்தாய்வில் பழங்குடியினர் ஒதுக்கீட்டில் இடம் கிடைத்திருக்கிறது. அவளுடைய சான்று கோட்டாட்சியர் கொடுத்தது. என்னுடையது 1986-இல் வட்டாட்சியர் கொடுத்தது. சான்றை மெய்த்தன்மை அறிய அனுப்பப்போவதாகக் கல்லூரியில் சொல்கிறார்கள். என் சான்று செல்லாது, சேர்க்கை ரத்தாகிவிடும் என்று சிலர் பயமுறுத்துகிறார்கள். என்ன செய்வது?

பதில்: முதலில் அந்தப் பயத்தை விடுங்கள். தமிழ்நாட்டில் பழங்குடியினர் சான்று வழங்கும் அதிகாரம் வட்டாட்சியரிடமிருந்து கோட்டாட்சியருக்கு மாறியது 11.11.1989-இல்தான். அதற்கு முன் வட்டாட்சியர் முறையாகக் கொடுத்த நிரந்தரச் சான்று, ரத்து செய்யப்படும்வரை செல்லும் என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. உங்களுடையது 1986. அதை யாரிடமும் ஒப்படைத்துவிடாதீர்கள். நகல் மட்டும் கொடுங்கள்.

விசாரணை நடப்பதாலேயே உங்களைச் சந்தேகிக்கிறார்கள் என்று பொருள் இல்லை. 1994-இல் குமாரி மாதுரி பாட்டீல் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த நடைமுறை இது. தமிழ்நாட்டில் பட்டியல் சாதிச் சான்றுகளை மாவட்ட விழிக்கண் குழுவும், பழங்குடியினர் சான்றுகளை மாநில அளவிலான கூர்நோக்குக் குழுவும் பார்க்கின்றன. சேர்க்கைக்கு ஆறு மாதம் முன்பே விண்ணப்பிக்க வேண்டும் என்கிறது அந்தத் தீர்ப்பு. ஆனால் விசாரணை முடிவதற்குள் சேர்க்கையின் கடைசி நாள் வந்துவிட்டால், கையில் இருக்கும் சான்றை வைத்தே மாணவரைத் தற்காலிகமாகச் சேர்க்கலாம் என்றும் அதுவே சொல்கிறது. விசாரணை நிலுவையில் இருப்பதைக் காட்டி மகளைத் திருப்பி அனுப்பப் பார்த்தால், இந்த விதியைக் குறிப்பிட்டு எழுத்தில் மனு கொடுங்கள். ஒப்புகை வாங்காமல் திரும்பாதீர்கள்.

இனி ஆவணங்கள். எவ்வளவு பழையதோ அவ்வளவு பலம். சுதந்திரத்துக்கு முந்தைய பதிவுகளுக்கு நீதிமன்றங்கள் தனி மதிப்பு தருகின்றன. உங்கள் அப்பா, தாத்தா, பெரியப்பா, சித்தப்பா யாராவது பள்ளிக்குப் போயிருந்தால் அந்தப் பள்ளியின் சேர்க்கைப் பதிவேட்டு நகலைக் கேட்டு வாங்குங்கள். பிறப்பு இறப்புப் பதிவு, பழைய பத்திரம், நிலப் பதிவேடு என்று சமூகப் பெயர் இருக்கும் எதையும் விடாதீர்கள். தந்தைவழி உறவினர் யாருக்காவது கூர்நோக்குக் குழு ஏற்கெனவே மெய்த்தன்மை உத்தரவு கொடுத்திருந்தால் அது பெரிய துணை. அவருக்கும் உங்களுக்கும் என்ன உறவு என்று காட்டும் வம்சாவளியையும் சேர்த்து வையுங்கள்.

உங்கள் சமூகத்தில் அடிக்கடி வரும் சிக்கல் ஒன்று உண்டு. மலையாளிகள் பெயருக்குப் பின் கவுண்டர் என்று போட்டுக்கொள்வது வழக்கம். அந்தக் கால ஆசிரியர் பதிவேட்டில் ‘இந்து கவுண்டர்’ என்று மட்டும் எழுதியிருக்கலாம். அப்படி இருந்தால் மறைக்கவோ திருத்தவோ முயலாதீர்கள். ஒரு எழுத்தைச் சுரண்டினாலும் உண்மையான சான்றே கெட்டுப்போகும். அது பட்டப்பெயர், சாதிப் பெயர் அல்ல என்று மற்ற ஆவணங்களோடு வைத்து விளக்குங்கள். நம் மலைகளில் முதல் தலைமுறையாகப் பள்ளிக்குப் போன எத்தனையோ குடும்பங்களுக்கு இப்படி வேறு யாரோ எழுதிய ஒரு சொல்லால் வந்த துன்பம் கொஞ்சமல்ல.

மாவட்டமும் முக்கியம். மலையாளி என்பது பட்டியலில் சேலம், தருமபுரி, வட ஆற்காடு, தென் ஆற்காடு, திருச்சி, புதுக்கோட்டை ஆகிய மாவட்டங்களுக்கு மட்டுமே குறிக்கப்பட்டிருக்கிறது. ஈரோடு மாவட்டம் பர்கூர் மலையில் அதே மக்கள் சான்றுக்காக இன்னும் போராடுவது இதனால்தான். நீங்கள் சேலம் என்பதால் தடையில்லை. சொந்த ஊர் சேலம் மாவட்டம் என்பது ஆவணங்களில் தெளிவாக இருக்கட்டும்.

விசாரணை அதிகாரி ஊருக்கே வருவார். குலதெய்வம், திருமணச் சடங்கு, இறந்தவரை அடக்கம் செய்யும் முறை பற்றிக் கேட்பார். உங்கள் வீட்டில் நடப்பதை நடப்பதுபோலவே சொல்லுங்கள். யாரோ எழுதிக் கொடுத்ததை மனப்பாடம் செய்து ஒப்பிக்க வேண்டாம். நகரத்தில் வளர்ந்திருந்தால் உங்கள் மகளுக்குச் சில வழக்கங்கள் தெரியாமல் இருக்கலாம். அது மட்டுமே சான்றை ரத்து செய்யக் காரணமாகாது. இப்படி வழக்கங்களைக் கேட்டுப் பார்க்கும் சோதனை இறுதி உரைகல் அல்ல என்று 2023-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. வீட்டுப் பெரியவர்களும் விசாரணையின்போது உடன் இருக்கட்டும்.

அறிக்கை உங்களுக்கு எதிராக வந்தாலும் நேரடியாக ரத்து செய்ய முடியாது. அறிக்கையின் நகலோடு விளக்கம் கேட்டு நோட்டீஸ் வர வேண்டும். அதில் குறித்த நாளுக்குள் பதில் கொடுத்துவிடுங்கள். நேரில் ஆஜராகவும் கேளுங்கள். குழுவின் முடிவை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டு எதிர்க்கலாம்.