பினாங்கில் வழிகாட்டியோடு ஓர் உணவு நடை: வாசகர் கேள்விகளும் பதில்களும்

சென்னையிலிருந்து மலேசியாவின் பினாங்குத் தீவுக்கு 2024 டிசம்பரில் நேரடி விமானச் சேவை தொடங்கியது. அதன் பிறகு, பினாங்கின் தலைநகரான ஜார்ஜ் டவுனில் வழிகாட்டி ஒருவரோடு தெருத்தெருவாக நடந்து சாப்பிடும் 'உணவு நடை' குறித்து இப்பகுதிக்குக் கடிதங்கள் வந்தவண்ணம் இருக்கின்றன. அவற்றுள் சிலவற்றுக்கு இந்த இதழில் பதில் அளிக்கிறோம்.

கேள்வி: நானும் என் கணவரும் நான்கு நாள் பயணமாகப் பினாங்கு செல்கிறோம். நான்கு மணி நேர உணவு நடைக்குக் கேட்கும் கட்டணம், அதே பண்டங்களை நாங்களே வாங்கிச் சாப்பிட ஆகும் தொகையைவிடப் பல மடங்காக இருக்கிறது. கடைகளின் பெயர்கள் எல்லாம் கைபேசியிலேயே கிடைக்கும்போது இந்தச் செலவு தேவைதானா?
– வாசகி, கோயம்புத்தூர்

பதில்: நல்ல கடையைக் கண்டுபிடிப்பதற்காக மட்டும் என்றால் தேவையே இல்லை. ஜார்ஜ் டவுனில் மோசமான சாப்பாடு கிடைப்பதுதான் அரிது. உள்ளூர்க்காரர்கள் வரிசையில் நிற்கும் இடத்தில் நீங்களும் நின்றால் போதும். வழிகாட்டிக்குக் கொடுக்கும் பணம், அந்தப் பண்டம் ஏன் அந்தத் தெருவில் இருக்கிறது என்பதைத் தெரிந்துகொள்வதற்காகத்தான்.

1786-இல் பிரான்சிஸ் லைட் இந்தத் தீவைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்காகக் கைப்பற்றித் துறைமுகம் அமைத்தபோது, சோழமண்டலக் கரையிலிருந்து தமிழ் முஸ்லிம் வணிகர்களும், தென்சீனத்திலிருந்து ஹொக்கியன், தியோச்சு மக்களும், சுற்றிலுமிருந்து மலாய், அச்சே, சயாம், பர்மிய மக்களும் வந்து தங்கினார்கள். இன்று கப்பித்தான் கெலிங் பள்ளிவாசலின் பெயரால் வழங்கும் ஒரே சாலையில், சில நிமிட நடைக்குள், 1801-இல் தமிழ் முஸ்லிம்கள் நிறுவிய அந்தப் பள்ளிவாசலையும், சீனர்களின் குவான் இன் கோயிலையும், 1818-இல் கட்டப்பட்ட செயின்ட் ஜார்ஜ் தேவாலயத்தையும் பார்க்கலாம். பக்கத்துக் குயின் தெருவில் 1833-இல் எழுந்த மகா மாரியம்மன் கோயில் இருக்கிறது. சாப்பாடும் அதே வரிசையில்தான் அமைந்திருக்கிறது. எந்தச் சமூகம் எந்தத் தெருவில் கடை வைத்தது, யாருடைய சமையலிலிருந்து யார் எதை எடுத்துக்கொண்டார்கள் என்பதை விளக்கத் தெரிந்தவர் உடன் வந்தால், ஒரு கிண்ணம் அசாம் லக்சாவுக்குள் அந்தத் துறைமுகத்தையே காட்டிவிடுவார். கானாங்கெளுத்தி மீனை வேகவைத்து உதிர்த்த புளிப்புச் சாறு, தடித்த அரிசி நூடுல்ஸ், மலாய்ச் சமையலின் காட்டு இஞ்சிப் பூ, மேலே அன்னாசியும் புதினாவும், ஓரத்தில் ஒரு கரண்டி கரிய இறால் விழுது என்று அதில் சேரும் ஒவ்வொன்றுக்கும் ஒரு வழி இருக்கிறது.

அரிசி நூடுல்ஸ் வறுவலான சார் கோய் தியோ விற்கும் கடையிலும் இப்படித்தான். முப்பது பேர் காத்திருந்தாலும், பேர்போன கடைக்காரர் ஒரு தட்டு, மிஞ்சினால் இரண்டு தட்டு அளவே சட்டியில் போடுவார். எரியும் நெருப்பில் பூண்டும் இறாலும் வதங்கியதும் தட்டையான அரிசிப் பட்டைகள் விழுகின்றன. சோயா நீர் தெளிக்கப்படுகிறது. எல்லாவற்றையும் ஒரு பக்கம் ஒதுக்கிவிட்டு, காலியான இடத்தில் முட்டையை உடைத்து ஊற்றுகிறார். முளைகட்டிய பயறும் பூண்டுத் தாளும் கடைசியில் விழ, அவை வதங்குவதற்குள் தட்டு மேசைக்கு வந்துவிடுகிறது. அளவு கூடினால் சட்டியின் சூடு குறைந்துவிடும், பட்டைகள் வறுபடாமல் வெந்து குழையும் என்பதே அந்தத் தாமதத்துக்குக் காரணம். இதைச் சொல்ல ஆள் இல்லாவிட்டால் வரிசை நகரவில்லையே என்று எரிச்சல்தான் வரும்.

எங்கள் யோசனை: வந்த முதல் நாள் காலையிலேயே ஒரு நடைக்குப் பணம் கட்டுங்கள். மீதி நாட்களில் அந்த அறிவை வைத்துக்கொண்டு நீங்களே சுற்றுங்கள். கடைசி நாளில் நடை வைத்துக்கொள்பவர்கள், முன்பே தெரிந்திருந்தால் நன்றாக இருந்திருக்குமே என்று அங்கலாய்ப்பதுதான் மிச்சம்.

கேள்வி: என் பாட்டனார் காலத்தில் எங்கள் ஊரிலிருந்து பலர் பினாங்கு சென்று சோற்றுக்கடை வைத்தார்கள். அந்த நாசி கண்டார் கடைகளை இந்த நடைகளில் காட்டுகிறார்களா? ஹலால் உணவு மட்டுமே உண்ணும் எங்களுக்கு இது ஒத்துவருமா?
– வாசகர், இராமநாதபுரம்

பதில்: பினாங்கு உணவின் பேரில் பாதியை உங்கள் பக்கத்து மக்களுக்குத்தான் எழுதிவைக்க வேண்டும். இராமநாதபுரம், கடையநல்லூர்ப் பகுதிகளிலிருந்து சென்ற தமிழ் முஸ்லிம்கள், காவடித் தண்டின் ஒரு முனையில் சோற்றுப் பானையும் மறு முனையில் குழம்புச் சட்டிகளும் தொங்கத் துறைமுகத் தொழிலாளர்களிடம் சென்று விற்ற சாப்பாடுதான் நாசி கண்டார். தண்டும் பானையும் போய், இன்று கண்ணாடிக்குப் பின்னால் அகன்ற தட்டுகளில் மீன்தலைக் குழம்பு, கணவாய், மாட்டிறைச்சி, பொரித்த கோழி, மீன் சினை, வெண்டைக்காய் என்று அடுக்கி வைத்திருக்கிறார்கள். சோற்றின் மேல் நீங்கள் கேட்டதை வைத்த பிறகு, பரிமாறுபவர் ஒவ்வொரு சட்டியிலிருந்தும் அரைக் கரண்டியாக நான்கைந்து குழம்புகளை மாறி மாறி ஊற்றுவார். நன்றாக நனைய வேண்டுமானால் 'பாஞ்சிர்' என்று சொல்லுங்கள். தட்டில் வெள்ளம் வந்துவிடும். எந்தக் குழம்புக்குப் பின் எந்தக் குழம்பு என்பதில் கடைக்குக் கடை பிடிவாதம் உண்டு, பினாங்குக்காரர்கள் அதைப் பற்றி மணிக்கணக்கில் வாதாடுவார்கள்.

பெரிய இறாலும் மீன் சினையும் எடுக்கும்போது விலையைக் கேட்டுக்கொள்ளுங்கள். தட்டைப் பார்த்துக் கணக்குச் சொல்லும் வழக்கமே அங்கு அதிகம். வெளியூர்க்காரர்கள் திகைப்பது அந்த இடத்தில்தான்.

இனி ஹலால் குறித்து. பொதுவான நடைகளில் பெரும்பகுதி சீனக் கடைகளே. சார் கோய் தியோவை வழக்கமாகப் பன்றிக் கொழுப்பில்தான் வதக்குவார்கள், சீனத் தொத்திறைச்சியும் சேர்ப்பார்கள். 'பன்றி இறைச்சி இல்லை' என்ற பலகையை ஹலால் சான்றாக எடுத்துக்கொள்ளக் கூடாது. முறைப்படி அறுக்கப்படாத கோழியும் சமையல் மதுவும் அங்கே இருக்கக்கூடும். ஆகவே முன்பதிவின்போதே ஹலால் நடை வேண்டும் என்று எழுதிக் கேளுங்கள். நாசி கண்டார், தமிழ் முஸ்லிம் கடைகளின் நூடுல்ஸ் வறுவலான மாமாக் மீ கோரெங், இறால் வடையும் வெள்ளரியும் நறுக்கிப் போட்டு இனிப்புக் காரச் சாறு ஊற்றித் தரும் பசெம்போர், நம் பரோட்டாவைப் போன்ற ரொட்டி சானாய், ஆற்றித் தரும் பால் தேநீரான தே தாரிக், மலாய்க்காரர்கள் செய்யும் ஹலால் கோய் தியோ என்று அதுவே ஒரு முழுமையான வழித்தடம். எங்களைக் கேட்டால், தமிழ் வாசகர்கள் முதலில் நடக்க வேண்டியதும் அந்தத் தடத்தில்தான். சூலியா தெருவில் உள்ள நாகூர் தர்காவையும் வழியிலேயே பார்த்துவிடலாம்.

கேள்வி: நாங்கள் முட்டைகூடச் சேர்க்காத சைவர்கள். எங்களைப் போன்றவர்கள் இதற்குப் பணம் கட்டுவது வீண் என்கிறார் என் மகன். உண்மையா?
– வாசகி, கும்பகோணம்

பதில்: பொது நடையில் சேர்ந்தால் உங்கள் மகன் சொல்வதுதான் நடக்கும். எட்டு இடங்களில் ஐந்தில் நீங்கள் பழச்சாறு குடித்துக்கொண்டு நிற்க நேரிடும். பினாங்குச் சமையலில் உலர்ந்த இறால் விழுது எதிர்பாராத இடத்தில் எல்லாம் ஒளிந்திருக்கிறது. அன்னாசியும் கொய்யாவும் மாங்காயும் கலந்த பழ ரோஜாக்கில்கூட, மேலே ஊற்றும் கரிய பாகில் இறால் விழுது உண்டு. பழம்தானே என்று வாங்கி ஏமாந்த சைவர்கள் ஏராளம். தேங்காய்ப்பால் சோறான நாசி லெமாக்கோடு வரும் சம்பல் என்ற மிளகாய்த் தொக்கில் நெத்திலி இருக்கும். ரொட்டி சானாய் மாவில் சில கடைகள் முட்டை சேர்க்கின்றன.

சைவ நடை தனியாகக் கேட்டால் ஏற்பாடு செய்பவர்கள் உண்டு. அப்பமும், தேங்காய்த் துருவலும் பனை வெல்லமும் தூவி 'புத்து மாயாம்' என்ற பெயரில் விற்கும் இடியாப்பமும் உங்களுக்குப் பழகியவையே. தமிழர்கள் கடைத்தெரு என்றே அழைத்துவந்த லெபோ பசார் பகுதியில் வாழையிலைச் சாப்பாடு கிடைக்கும். புதிதாக ஒன்று வேண்டுமென்றால் சீனச் சைவக் கடைகளுக்குச் செல்லுங்கள். பௌத்த முறைப்படி நடத்தப்படும் கடைகளில் வெங்காயமும் பூண்டும்கூடச் சேர்ப்பதில்லை. சீன நாட்காட்டியின் ஒன்பதாம் மாதத்து முதல் ஒன்பது நாட்களில், பெரும்பாலும் அக்டோபரில், ஒன்பது பேரரசர் தெய்வங்களின் விழா வரும். அப்போது மஞ்சள் கொடி கட்டிய சைவக் கடைகள் தெருவெங்கும் முளைக்கும். நாளைத் தேர்ந்தெடுக்கும் வசதி உங்களுக்கு இருந்தால் அந்த வாரத்துக்குப் போங்கள்.

கேள்வி: எழுபது வயதைக் கடந்த என் தந்தைக்குச் சர்க்கரை நோய் உண்டு. அவரையும் அழைத்துச் செல்லலாமா? தெருக்கடைச் சாப்பாட்டின் சுத்தம் குறித்தும் தயக்கமாக இருக்கிறது.
– வாசகர், திருச்சிராப்பள்ளி

பதில்: நடக்கும் தூரம் பெரிதில்லை, வெயிலும் புழுக்கமும்தான் பெரிது. கடைகளின் முன்னால் ஓடும் மூடிய நடைபாதை நிழல் தரும் என்றாலும், அதில் மோட்டார் சைக்கிள்களும் சாமான்களும் நிற்கும், வீட்டுக்கு வீடு தரைமட்டமும் மாறும். கால் தடுக்கும் வாய்ப்பு அதிகம். உங்கள் குடும்பத்துக்கு மட்டுமான தனி நடையைக் கேட்டு, இடையில் உட்காரும் இடங்களையும் கழிப்பறையையும் முன்பே உறுதி செய்துகொள்ளுங்கள்.

இனிப்பு விஷயத்தில், தே தாரிக்கில் கட்டிப்பாலும், செண்டோல் என்ற குளிர் இனிப்பில் பனை வெல்லப் பாகும் தாராளமாக விழும். 'கூராங் மானிஸ்' என்றால் இனிப்பைக் குறைப்பார்கள். 'கோப்பி ஓ கோசோங்' என்று கேட்டால் பாலும் சர்க்கரையும் இல்லாத கடுங்காப்பி வரும். மருந்து நேரத்தை வழிகாட்டியிடம் சொல்லிவிடுங்கள். வழிநெடுகச் சிறிது சிறிதாகச் சாப்பிடுவதால் வேளைச் சாப்பாட்டின் கணக்கு குழம்பிவிடும்.

சுத்தத்தைப் பொறுத்தவரை, 2009-ஆம் ஆண்டின் உணவுச் சுகாதார விதிகளின்படி மலேசியாவில் உணவைக் கையாளுபவர்கள் பயிற்சி பெற்றிருக்க வேண்டும், டைபாய்டு தடுப்பூசியும் போட்டிருக்க வேண்டும். கண்ணெதிரே சூடாகச் சமைப்பதை உண்டால் பெரும்பாலும் பயமில்லை. அரைவேக்காடாகப் போடும் மட்டியை மட்டும் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்; அதற்குத் 'தா மாவ் கெராங்' என்றால் புரிந்துகொள்வார்கள்.

கேள்வி: பத்து ஆண்டுகளுக்கு முன் பார்த்த தள்ளுவண்டிகள் பலவும் இப்போது இல்லை என்று என் உறவினர் வருந்துகிறார். இந்த உணவு நடைகளும் சுற்றுலாவும்தானே அவற்றை அழித்தன?
– வாசகர், மதுரை

பதில்: பழியின் ஒரு பங்கைச் சுற்றுலா ஏற்கத்தான் வேண்டும், ஆனால் கதை அதற்கு முன்பே தொடங்கிவிட்டது. வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் இருந்தவரை, ஜார்ஜ் டவுனின் பழைய கடைவீடுகளில் சிறு வணிகர்கள் மிகக் குறைந்த வாடகைக்குத் தலைமுறையாகக் குடியிருந்தார்கள். அந்தச் சட்டத்தை நீக்கும் முடிவு 1997-இல் எடுக்கப்பட்டு 2000-ஆம் ஆண்டு தொடக்கத்தில் முழுமையாக நடைமுறைக்கு வந்ததும் வாடகை ஏறியது, குடியிருந்தவர்கள் வெளியேறினார்கள், வண்டிக்காரரின் அன்றாட வாடிக்கையாளர்களும் அவர்களோடு போய்விட்டார்கள். 2008-இல் மலாக்காவோடு சேர்த்து யுனெஸ்கோ உலகப் பாரம்பரியத் தகுதி கிடைத்த பிறகு, காலியான கட்டிடங்கள் விடுதிகளாகவும் காப்பிக் கடைகளாகவும் மாறின. இவற்றோடு, நாள் முழுதும் அடுப்பு முன் நிற்கும் வேலையைப் பிள்ளைகள் ஏற்பதில்லை. கைப்பக்குவம் கைமாறிவிடும் என்று அஞ்சிய மாநில அரசு, பினாங்கின் பெயர்பெற்ற பண்டங்களை வெளிநாட்டவர் முதன்மைச் சமையலராக இருந்து சமைப்பதற்கு 2016 முதல் தடையே விதித்தது.

வெளிநாட்டவருக்குத் தடை என்பது, குடியேறி வந்தவர்கள் உருவாக்கிய சமையலுக்குப் பொருந்தாத விதியாகவே எங்களுக்குப் படுகிறது. போகட்டும். நடை ஏற்பாட்டாளர்களிடம் நாம் எதிர்பார்க்கக்கூடியது ஒன்று உண்டு: புகழ்பெற்ற நான்கு கடைகளிலேயே எல்லோரையும் கொண்டு குவிக்காமல், வீட்டுக்கடைகளுக்கும் சந்தைகளுக்கும் கூட்டத்தைப் பிரித்து அழைத்துச் செல்ல வேண்டும். இருபது பேரை ஒலிபெருக்கியோடு நடத்திச் செல்பவரைத் தவிர்த்து, எட்டுப் பேருக்கு மேல் சேர்க்காதவரைத் தேடிப் பிடியுங்கள்.

கேள்வி: நல்ல வழிகாட்டியை எப்படி அடையாளம் காண்பது? நடை முடிந்த பிறகு நாங்களாகச் சாப்பிடும்போது கவனிக்க வேண்டிய வழக்கங்கள் உண்டா?
– வாசகி, சென்னை

பதில்: பின்னதை முதலில் சொல்லிவிடுகிறோம். கோப்பித்தியாம் எனப்படும் பழைய காப்பிக் கடைகளில், உரிமையாளர் விற்பது பானம் மட்டுமே. சுற்றியுள்ள சாப்பாட்டு வண்டிகள் வெவ்வேறு ஆட்களுடையவை. முதலில் இடம் பிடித்து, பிடித்த வண்டிகளில் சொல்லிவிட்டு வந்து உட்கார வேண்டும். ஒவ்வொருவரும் தம் பண்டத்தைக் கொண்டுவந்து வைக்கும்போது தனித்தனியாகப் பணம் கொடுக்க வேண்டும், அதனால் சில்லறை நோட்டுகள் அவசியம். பானம் எதுவும் வாங்காமல் மேசையை அடைத்துக்கொள்வது அங்கே மரியாதையில்லை. சில கடைகள் அதற்குத் தனிக் கட்டணமே வாங்குகின்றன. பல வண்டிகள் காலையில் மட்டும் அல்லது மாலையில் மட்டும் திறக்கும். விடுமுறை நாளும் கடைக்குக் கடை மாறும்.

வழிகாட்டியிடம் பணம் கட்டுமுன் மூன்றைக் கேளுங்கள்: கட்டணத்தில் சாப்பாடு முழுவதும் அடங்குமா, கடைகளிடமிருந்து தரகு பெறுகிறாரா, ஒரு கடை மூடியிருந்தால் மாற்று என்ன. தரகு கேள்விக்கு நேராகப் பதில் சொல்பவரை நம்பலாம். மலேசியாவில் 1992-ஆம் ஆண்டின் சுற்றுலாத் தொழில் சட்டப்படி, வழிகாட்டியாகப் பணிபுரிய அரசு உரிமம் வேண்டும். பணியின்போது உரிம அட்டையை அணிந்திருக்க வேண்டும். தமிழ் பேசும் உரிமம் பெற்ற வழிகாட்டிகளும் இருக்கிறார்கள், முன்பதிவின்போது கேட்டுப் பாருங்கள். அட்டையைக் காட்டத் தயங்குபவருக்கு முன்பணம் அனுப்ப வேண்டாம்.