நில முன்பணத் தகராறில் 420 குற்றப்பத்திரிகை: குவாஷ் போடலாமா?

கேள்வி: திண்டுக்கல் மாவட்டத்தில் உள்ள என் நிலத்துக்கு 2022-ல் கிரய ஒப்பந்தம் போட்டு 8 லட்சம் முன்பணம் வாங்கினேன். தம்பி பாகப்பிரிவினை வழக்குப் போட்டதால் கிரயம் முடிக்க முடியவில்லை. 3 லட்சத்தை வங்கி மூலம் திருப்பித் தந்துவிட்டேன். 2025-ல் இந்திய தண்டனைச் சட்டத்தின் (இ.த.ச.) 420 (ஏமாற்றுதல்), 406 (நம்பிக்கை மோசடி) பிரிவுகளில் எஃப்.ஐ.ஆர். போட்டார்கள். இப்போது குற்றப்பத்திரிகை தாக்கலாகி சம்மன் வந்துள்ளது. வழக்கையே ரத்து செய்யக் கேட்டு உயர் நீதிமன்றத்தில் குவாஷ் போடுவதா, சாட்சி விசாரணைக்கு முன்பே விடுவிக்கக் கேட்டு கீழ் நீதிமன்றத்தில் விடுவிப்பு மனுவா?

பதில்: தம்பி வழக்குப் போட்ட தேதியை நீங்கள் எழுதவில்லை. விடையே அதில்தான் இருக்கிறது. ஒப்பந்தத்துக்கு முன்பே வழக்கு இருந்து, அதை மறைத்து முன்பணம் வாங்கியிருந்தால் உயர் நீதிமன்றம் இதில் தலையிடாது. வழக்கு பின்னால் வந்தது என்றால், பணம் வாங்கிய அன்றே ஏமாற்றும் எண்ணம் இருந்ததாகச் சொல்வது கடினம். அந்த எண்ணம் இல்லாமல் 420 இல்லை.

406 இன்னும் பலவீனம். முன்பணம் என்பது விலையின் ஒரு பகுதி, நம்பி ஒப்படைத்த சொத்து அல்ல. ஒரே சங்கதிக்கு இந்த இரண்டு பிரிவும் சேர்ந்து நிற்காது என்று 2024-ல் டெல்லி ரேஸ் கிளப் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. காவல் நிலையங்களில் இன்னும் ஜோடியாகத்தான் எழுதுகிறார்கள்.

குவாஷ் மனு, புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ். 528-ன் கீழ் (பழைய சட்டத்தில் 482) உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் போட வேண்டும். குற்றப்பத்திரிகை வந்துவிட்டாலும் போடலாம். ஆனால் "சாட்சி பொய் சொல்கிறார்" என்ற வாதம் அங்கே எடுபடாது. சாட்சிகள் சொன்னது அத்தனையும் உண்மை என்றே வைத்துக்கொண்டு, அதில் குற்றம் இருக்கிறதா என்றுதான் நீதிபதி பார்ப்பார். உங்கள் தரப்பில் யாராலும் மறுக்க முடியாத ஆவணங்கள் மட்டுமே உதவும்: பாகப்பிரிவினை வழக்குரையின் சான்றிட்ட நகல், 3 லட்சம் போன வங்கிக் கணக்கு விவரம், கிரய ஒப்பந்தம்.

விடுவிப்பு மனுவில் இந்த வசதி கிடையாது. தேபேந்திரநாத் பாதி வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பின்படி அந்தக் கட்டத்தில் போலீஸ் தாக்கல் செய்த ஆவணங்களைத்தான் நடுவர் பார்ப்பார். அவர்கள் வழக்குரையைச் சேர்க்காவிட்டால் உங்கள் முக்கிய ஆயுதமே கையில் இல்லை. அதனால் தேதி சாதகமாக இருந்தால் முதலில் குவாஷ். ஆனாலும் பி.என்.எஸ்.எஸ். 262-ன் கீழ் விடுவிப்பு மனுவுக்கு, போலீஸ் ஆவணங்களின் நகல்கள் கிடைத்த நாளிலிருந்து 60 நாள்தான் கெடு. அதைக் கோட்டை விடாதீர்கள். விடுவிப்பு மனு தள்ளுபடியானால் 90 நாளுக்குள் சீராய்வு (அந்த உத்தரவு சரியா என்று மேல் நீதிமன்றத்தைப் பார்க்கச் சொல்லும் மனு). அது செஷன்ஸில் அல்லது உயர் நீதிமன்றத்தில், ஒரு முறைதான். செஷன்ஸில் தோற்றபின் அதே சீராய்வுக்கு மதுரை போக முடியாது.

பலர் தடுக்கி விழுவது வேறு இடத்தில். குவாஷ் மனுவுக்கு எண் விழுந்தாலே விசாரணை நின்றுவிட்டதாக நினைத்து வாய்தாவுக்குப் போகாமல் இருப்பார்கள், பிடிவாரண்ட் வந்துவிடும். இடைக்காலத் தடையும், நேரில் ஆஜராவதிலிருந்து விலக்கும் தனித்தனியாகக் கேட்டு வாங்க வேண்டும். உத்தரவு வரும்வரை நேரில் போங்கள், முடியாத நாளில் வக்கீல் மூலம், அன்றைக்கு ஆஜராவதிலிருந்து விலக்குக் கேட்கும் 355 மனு (பழைய 317) போடுங்கள்.

குவாஷ் மனு விசாரணையின்போது உயர் நீதிமன்ற நீதிபதி ஏற்கும் மனநிலையில் இல்லை என்று தெரிந்தால், விடுவிப்பு மனு போடும் உரிமையோடு குவாஷைத் திரும்பப் பெறுவதே நல்லது. வழக்கின் சாரத்தையே அலசித் தள்ளுபடி செய்த உத்தரவு வாங்கினால், அதையே கீழ் நீதிமன்றத்தில் உங்களுக்கு எதிராகப் படிப்பார்கள்.

மீதி 5 லட்சத்தைக் கொடுத்து முடிக்க முடியுமானால் மதுரை வரை போகவே வேண்டாம். 420, 406 இரண்டும் நீதிமன்ற அனுமதியோடு சமரசம் ஆகக்கூடியவை. பி.என்.எஸ்.எஸ். 359-ன் கீழ் நடுவரே முடித்து வைப்பார். பணத்தை டி.டி.யாக நீதிமன்றத்தில் வைத்தே கொடுங்கள். வெளியே ரொக்கமாகக் கொடுத்துவிட்டு, சமரச மனுவில் கையெழுத்துக்கு அலைபவர்கள் நிறைய.